ஆடுகளத்தின் எல்லை: பட்டச் சண்டை மரபும் பொதுப் பாதுகாப்பும்

ஆய்வுச் சுருக்கம்

மாஞ்சா நூலால் நிகழும் உயிரிழப்புகளை முன்னிட்டு அந்நூல் தமிழகத்தில் சட்டத்தால் தடுக்கப்பட்டுள்ளது. இத்தடையை மரபுக்கும் பாதுகாப்புக்கும் இடையிலான மோதலாகக் காண்பதே பொதுவழக்கு. விளையாட்டின் ஆபத்தை யார் ஏற்கிறார் என்னும் வினாவிலிருந்து இக்கட்டுரை அம்மோதலை அணுகுகிறது. கரிசல் நிலத்துப் பட்டம், வடசென்னைப் பட்டச் சண்டை, வல்வெட்டித்துறைப் பட்டப் போட்டி ஆகிய மூன்றையும் ஒப்பிட்டு, கண்ணாடித் தூள் ஏற்றிய நூல் எவ்வகையினதாயினும் மரபின் பெயரால் காக்கத்தக்கதன்று என்றும், அந்நூலோடு சேர்த்து முழு விளையாட்டையும் அதன் சொல்வளத்தையும் இழக்க வேண்டியதில்லை என்றும் நிறுவ முயல்கிறது.

திறவுச்சொற்கள்: பட்டம், காற்றாடி, மாஞ்சா, டீல், ஆடுகளம், விண், கரிசல்

1. முன்னுரை

நாட்டார் விளையாட்டுகளைப் பற்றிய தமிழ் ஆய்வுகள் பெரும்பாலும் தொகுப்பு நோக்கில் அமைந்தவை. தேவநேயப் பாவாணர் தமிழ்நாட்டு விளையாட்டுகளைப் பால், பொழுது என்னும் அடிப்படைகளில் பகுத்தார். பின்வந்தோர் வயது, ஆடுவோர் தொகை, கருவி ஆகியவற்றைக் கொண்டு வகைப்படுத்தினர். இவ்வகைப்பாடுகள் யார் ஆடுகிறார், எப்போது ஆடுகிறார், எதைக் கொண்டு ஆடுகிறார் என்பவற்றைச் சொல்கின்றன. விளையாட்டின் தீங்கு யாரைச் சேர்கிறது என்னும் வினா அவற்றில் எழவில்லை. கிட்டிப்புள்ளும் பம்பரமும் தெருவில் ஆடப்பட்ட காலத்தில் அவ்வினாவுக்குத் தேவை குறைவாக இருந்திருக்கலாம். பட்டச் சண்டை அவ்வினாவை இன்று தவிர்க்க முடியாததாக்கியுள்ளது.

2015ஆம் ஆண்டு சென்னையில் தந்தையுடன் இருசக்கர வாகனத்தில் சென்ற ஐந்து வயதுச் சிறுவன் மாஞ்சா நூல் கழுத்தை அறுத்து இறந்தான். 2019 நவம்பரில் வடசென்னையில் மூன்று வயதுக் குழந்தை அதே முறையில் உயிரிழந்தது. இரு குழந்தைகளின் கையிலும் பட்டம் இல்லை. அவர்கள் எந்தப் போட்டியையும் காணச் சென்றவர்களும் அல்லர். இவ்வுண்மையே இக்கட்டுரையின் தொடக்கப்புள்ளி.

2. சொல்லும் பொருளும்

தமிழகத்தின் பல பகுதிகளில் ‘பட்டம்’, ‘காற்றாடி’ என்னும் இரு சொற்களும் ஒரே பொருளில் வழங்குகின்றன. தென்மாவட்டப் பேச்சில் ‘காத்தாடி’ என்பது பனையோலையை மடித்து முள்ளில் குத்திச் சுழலவிடும் பொருளையும் குறிக்கும். கயத்தாறு வட்டாரத்தில் நிற்கும் காற்றாலைகளையும் மக்கள் அச்சொல்லாலேயே சுட்டுவர். ‘பட்டம்’ என்பதற்கோ உழவு வழக்கில் விதைப்புப் பருவம் என்று பொருள். ஆடிப் பட்டம் தேடி விதைக்கச் சொல்லும் பழமொழியை அறியாத கரிசல் சம்சாரி இல்லை. விதைப்புக்கும் விளையாட்டுக்கும் ஒரே ஒலிவடிவம் அமைந்தது தற்செயலே. எனினும் இவ்விரண்டும் ஒரே நிலத்தையும் ஒரே காற்றையும் பங்கிட்டுக்கொண்ட முறை கருதத்தக்கது. அது அடுத்த பகுதியில் விளக்கப்படும்.

சண்டைக்குரிய சொற்கள் வேறிடத்திலிருந்து வந்தவை. ‘மாஞ்சா’ இந்தி–உருது வழியாக வந்த சொல். சென்னைப் பட்டக்காரர் வழக்கிலுள்ள ‘டீல்’ என்பதும், தளர்த்துதல் என்னும் பொருளுடைய இந்திச் சொல்லின் திரிபாகக் கொள்ளத்தக்கது. எதிரியின் நூலோடு தன் நூல் சிக்கியதும் பிடியைத் தளர்த்தி நூலை ஓடவிடுவது ஓர் உத்தி. வெடுக்கென இழுப்பது மற்றோர் உத்தி. முதலாவது உத்தியின் பெயர் சண்டைக்கே ஆகி வந்துள்ளது. அறுபட்ட பட்டம் கேட்பாரின்றிக் காற்றில் போவதால், ஒருவரை நடுவில் கைவிடுவதை ‘டீல்ல விடுறது’ எனச் சென்னைத் தமிழ் சொல்கிறது. பட்டம் தொட்டறியாதவரும் இத்தொடரை ஆளுகின்றனர்.

இதனால் பெறப்படுவன இரண்டு. பட்டச் சண்டை வடஇந்திய நகரப் பண்பாட்டோடு உறவுடையது. முகலாயர் கால ஓவியங்களில் பட்டம் விடும் காட்சிகள் காணப்படுவதும் இதற்கு இயைபானது. அதே வேளையில், ஒரு விளையாட்டின் சொல் பொதுப்பேச்சில் உவமையாக நிலைபெற்றுவிட்டதெனில், அவ்விளையாட்டு அம்மக்களின் வாழ்வில் வேர்கொண்டுவிட்டது என்றே பொருள். கடன்சொற்களைக் காட்டி வடசென்னை உழைக்கும் மக்களின் இவ்விளையாட்டுக்கு மரபுத் தகுதியை மறுப்பது பொருந்தாது. மறுப்பதாயின் வேறு காரணம் காட்ட வேண்டும்.

3. கரிசலின் பட்டம்

ஆய்வாளரின் ஊரான எப்போதும்வென்றான் மதுரை–தூத்துக்குடி நெடுஞ்சாலையை ஒட்டிய கரிசல் காட்டூர். மானாவாரி நிலமாதலின் புரட்டாசி, ஐப்பசி மழையை நம்பியே விதைப்பு நிகழும். தை, மாசியில் அறுவடை முடிந்ததும் காடு வெறுமையாகும். சித்திரை, வைகாசி வெயிலில் கரிசல் பாளம் பாளமாக வெடித்துக் கிடக்கும். ஆனி, ஆடியில் மேற்குக் கணவாய்களின் வழியே வரும் காற்று தடையின்றி வீசும். நிலம் வெறுமையாகவும் காற்று நிறைவாகவும் இருக்கும் இவ்விடைக்காலமே சிறுவர் பட்டம் விடும் பருவம். விதைப்பு தொடங்கிவிட்டால் காட்டில் ஓடுவதைப் பெரியவர் பொறுக்கமாட்டார்.

செய்தித்தாள், தென்னை ஈர்க்கு, சோற்றுப் பசை, வாலுக்குப் பழஞ்சேலைக் கிழிசல், தையல் நூல் ஆகியவையே கருவிகள். உயரம் எட்டுவதும், நூல் அறாமல் இறக்கிக் கொண்டுவருவதும் இங்கே வெற்றி. நூல் அறுந்தால் பட்டம் உடைமரத்திலோ வரப்பிலோ சிக்கும். துரத்தி ஓடும் சிறுவனுக்குக் காலில் முள் தைக்கும். ஆட்டத்தின் இழப்பு அவ்வளவே.

இப்பாதுகாப்பு எவரும் விதி வகுத்து உண்டாக்கியதன்று. வேளாண்மை நாட்காட்டி காலத்தை வரையறுத்தது. வெற்றுக்காடு இடத்தை வரையறுத்தது. பருத்தி நூலின் வலுவின்மை ஆற்றலை வரையறுத்தது. இம்மூன்று வரையறைகளும் சேர்ந்தே ஆடுகளத்தை அமைத்தன. இன்று நிலை மாறிவருகிறது. நெடுஞ்சாலை நான்குவழியாகி இடைவிடாத போக்குவரத்து உடையதாயிற்று. காற்றாலைகளோடு மின்தடங்களும் காட்டின் குறுக்கே வந்துள்ளன. கரிசல் காட்டிலும் ஆளற்ற வெளி சுருங்கிவருகிறது. ஆகவே இது நகரத்தின் சிக்கல் மட்டுமே என ஒதுக்க இயலாது.

4. மாஞ்சாவின் இயக்கம்

மாஞ்சா செய்வது கைத்தொழில். கண்ணாடியை இடித்துச் சலித்த தூளைப் பசையிலும் சாயத்திலும் கலந்து, இரு கம்பங்களுக்கிடையே கட்டிய நூலின்மீது துணி சுற்றிய கையால் பூசி உலர்த்துவர். தூளின் நயம், பசையின் பதம், உலரும் நேரம் ஆகியவை ஒவ்வொருவருக்கும் ஒவ்வொரு தொழில்மறை. செய்வோரின் விரல்களும் அறுபடுவதுண்டு. இத்திறனில் கலை உண்டு என்பதை மறுக்க முடியாது.

பழைய மாஞ்சாவின் அடிநூல் பருத்தி. ஒரு வரம்புக்கு மேல் இழுத்தால் அறும். மழையில் நனைந்தால் நாளடைவில் மட்கும். அண்மைக் காலத்தில் பரவிய, ‘சீன மாஞ்சா’ எனப்படும் செயற்கையிழை நீளும் இயல்புடையது, எளிதில் அறாதது, மட்காதது. உலோகத் தூள் ஏற்றப்பட்டிருந்தால் மின்கம்பியில் பட்டு மின்சாரத்தைக் கடத்தவும் கூடும். மரத்திலும் கம்பத்திலும் சிக்கியபடி பல நாள் தொங்கிப் பறவைகளைக் கொல்வதும் இதுவே.

ஆயினும் ‘செயற்கையிழையே குற்றவாளி, பருத்தி மாஞ்சா தீங்கற்றது’ என்னும் வாதம் முழுமையானதன்று. மணிக்கு 40 கிலோமீட்டர் வேகத்தில் செல்லும் வாகனம் ஒரு நொடியில் ஏறக்குறைய 11 மீட்டர் கடக்கிறது. குறுக்கே தொய்ந்து கிடக்கும் நூல் கழுத்தில் படும்போது, அறுக்கும் விசையைத் தருவது பட்டமன்று; வாகனத்தின் வேகமே. வாகனம் நிற்பதற்குள் நூல் கழுத்தின்மீது ஓடிவிடுகிறது. அவ்வேகத்தில் கண்ணாடித் தூள் ஏற்றிய பருத்தி நூலும் அறுக்கும் கருவியே. செயற்கையிழை தீங்கை மிகுவித்தது. அதைத் தோற்றுவித்தது கண்ணாடி. மாட்டுவண்டியும் மிதிவண்டியும் சென்ற தெருவில் ஓரளவு பொறுக்கத்தக்கதாயிருந்த கருவி, இருசக்கர வாகனங்கள் நிறைந்த தெருவில் பொறுக்கத்தகாததாயிற்று. கருவி மாறாவிடினும் களம் மாறிவிட்டது என்பது இங்கே உணரத்தக்கது.

5. சட்டத்தின் பார்வை

1934ஆம் ஆண்டின் இந்திய வானூர்திச் சட்டம் வானூர்தி என்பதன் வரையறையிலேயே பட்டத்தையும் சேர்த்திருந்தது. பறக்கும் பொருள் எதுவாயினும் அது பிறர்க்கும் உரிய வெளியில் இயங்குகிறது என்னும் எண்ணம் இதில் அடங்கியுள்ளது.

தேசியப் பசுமைத் தீர்ப்பாயம் 2017 ஜூலை 11 அன்று பட்டம் விடுவதற்கான நைலான் உள்ளிட்ட செயற்கையிழை மாஞ்சாவுக்கு நாடு முழுவதும் தடை விதித்தது. சென்னையில் மாநகரக் காவல் ஆணையர் குற்றவியல் நடைமுறைச் சட்டத்தின் 144ஆம் பிரிவின்கீழ் மாஞ்சாவைத் தடுத்து ஆணைகள் பிறப்பித்துவந்தார். அப்பிரிவின்கீழான ஆணை இயல்பாக இரு மாதங்களுக்கே செல்லும். ஆகவே தடை மீண்டும் மீண்டும் புதுப்பிக்கப்பட்டது. 2023இல் தமிழக அரசு, சுற்றுச்சூழல் (பாதுகாப்பு) சட்டம் 1986இன் அடிப்படையில், செயற்கையிழை நூலையும் கண்ணாடி, உலோகம் போன்ற கூர்ப்பொருள் பூசிய நூலையும் தடைசெய்தது. கூர்ப்பொருள் ஏதும் பூசப்படாத பருத்தி நூலால் பட்டம் விடுவது மட்டுமே இதன்படி ஏற்கத்தக்கது. முந்தைய பகுதியில் கண்ட பருத்தி மாஞ்சா வாதத்திற்கு இவ்வாணை விடையளித்துவிட்டது எனலாம்.

இதற்கு எதிராக எழுப்பத்தக்க வலுவான வினா சல்லிக்கட்டைச் சார்ந்தது. சல்லிக்கட்டிலும் உயிரிழப்பு உண்டு. எனினும் 2017இல் மாநிலச் சட்டத்திருத்தம் அதற்கு இடமளித்தது. 2023 மே 18 அன்று உச்ச நீதிமன்றத்தின் ஐவர் அமர்வு அத்திருத்தத்தை ஏற்றது. ஊர்ப்புற விளையாட்டு மரபாகவும் நகர்ப்புற எளியோரின் விளையாட்டு குற்றமாகவும் காணப்படுவது ஏன்? மேலும், 2022 ஆகஸ்டில் மாமல்லபுரத்தில் பன்னாட்டுப் பட்டத் திருவிழா நடத்தப்பட்டபோது, பேருருவக் காட்சிப் பட்டங்கள் சுற்றுலாச் சிறப்பாயின. சில மணிநேரத் தொலைவிலுள்ள காசிமேட்டுச் சிறுவனின் பட்டம் அச்சிறப்பைப் பெறவில்லை. இவ்வேறுபாட்டில் வர்க்கப் பார்வை அறவே இல்லை என்று சொல்ல முடியாது.

எனினும் இவ்வினாவின் மறுபக்கமும் உண்டு. மாஞ்சாவால் குழந்தைகளை இழந்த குடும்பங்களும் அதே நகரத்தின் சாலைகளில் இருசக்கர வாகனத்தில் செல்வோரே. மகிழுந்தில் செல்பவரின் கழுத்தை நூல் தீண்டுவதில்லை. ஆகவே எளியோரின் விளையாட்டு என்னும் காரணம் ஒன்றே மாஞ்சாவைக் காக்கப் போதாது. அதனால் சாவோரும் எளியோரே.

6. ஆடுகளம் என்னும் அளவுகோல்

யோகான் ஹூய்சிங்கா 1938இல் வெளியிட்ட விளையாட்டு பற்றிய நூலில், அன்றாட வாழ்விலிருந்து இடத்தாலும் காலத்தாலும் வரையறுத்துப் பிரிக்கப்பட்ட செயலே விளையாட்டு என்று விளக்கினார். கிளிஃபர்டு கீர்ட்ஸ் பாலித் தீவின் சேவற்சண்டையை ஆராய்ந்தபோது, பகுத்தறிவுக்கு ஒவ்வாத அளவுக்குப் பந்தயம் வைக்கும் ஆட்டத்தை ‘ஆழ்ந்த விளையாட்டு’ என்னும் கருத்தாக்கத்தால் விளக்கினார். அங்கே பணத்தையும் மதிப்பையும் பந்தயமாக வைப்பவர் ஆடுவோரே.

இவ்விரு கருத்துகளையும் இணைத்தால் ஓர் அளவுகோல் கிடைக்கிறது: *ஓர் ஆட்டத்தின் இழப்பு அதன் களத்திற்குள் முடிகிறதா, களத்திற்கு வெளியே செல்கிறதா?* சல்லிக்கட்டுக்கு வாடிவாசல், தடுப்பு, குறித்த நாள் ஆகியன உண்டு. காளையை அணைப்பவர் அறிந்தே இறங்குகிறார். காண வந்தவரும் களத்தின் தன்மை அறிந்து வந்தவர். அங்கும் பாதுகாப்புக் குறைகள் உள்ளன. ஆயினும் களத்தைச் சுட்டிக்காட்ட முடிகிறது. மாஞ்சாச் சண்டைக்குக் களம் எது? ஆடுவோர் மாடியில் நிற்கின்றனர். பட்டம் இரண்டு தெரு தள்ளிப் பறக்கிறது. அறுந்த நூல் மூன்றாம் தெருவில் இறங்குகிறது. வெற்றி பெற்றவர் ஆரவாரம் செய்யும் கணத்தில் நூல் எங்கே விழுந்தது என்பது அவருக்குத் தெரியாது. இழப்பை ஏற்க இசைந்தவர் ஒருவராகவும், இழப்பை அடைபவர் வேறொருவராகவும் இருக்கும் ஆட்டம் இது.

பண்பாட்டு மரபைக் காப்பதற்கான யுனெஸ்கோவின் 2003ஆம் ஆண்டு உடன்படிக்கையும், மனித உரிமை ஆவணங்களோடும் மக்களிடையிலான ஒருவரையொருவர் மதித்தலோடும் பொருந்துகின்ற மரபுகளையே கருத்தில் கொள்கிறது. தொன்மை மட்டும் தகுதியன்று என்பதே இதன் உட்கிடை.

7. கண்ணாடியற்ற போட்டிகள்

கண்ணாடியை நீக்கினால் போட்டியே இல்லையாகும் என்பர். இதற்கு மாறான சான்றுகள் உள்ளன.

யாழ்ப்பாணத்தின் வல்வெட்டித்துறையில் தைப்பொங்கல் நாளில் கடற்கரையில் பட்டப் போட்டி நிகழ்கிறது. வாடைக்காற்றே அதன் பருவக்காற்று. பட்டத்தின் வடிவப் புதுமை, கட்டமைப்பு, பறக்கும் ஒழுங்கு ஆகியவை கொண்டு பரிசு வழங்கப்படுகிறது. பட்டத்தைச் சமநிலைப்படுத்தும் கட்டு ‘முச்சை’. மேலே பூட்டப்பட்டுக் காற்றில் அதிர்ந்து ஒலிக்கும் வில் ‘விண்’. கொக்கு, பிராந்து, எட்டுமூலை எனப் பட்டங்களுக்குத் தனித்தனிப் பெயர்கள். எதிரியை அறுப்பதில் செல்லும் கூர்மை இங்கே உருவாக்கத்தில் செல்கிறது. ஆபத்து அறவே இல்லாத ஆட்டமன்று இது: 2021 டிசம்பரில் வடமராட்சியில் பேருருவப் பட்டமொன்றின் கயிற்றை விடாது பற்றியிருந்த இளைஞர் வானில் தூக்கிச் செல்லப்பட்டார். நற்பேறாக உயிர் தப்பினார். அங்கும் ஆபத்தைச் சந்தித்தவர் கயிற்றைப் பற்றியவரே, வழிப்போக்கர் அல்லர்.

சண்டையே வேண்டுமெனினும் கண்ணாடி இன்றியமையாததன்று. சப்பானின் ஆமாமட்சு நகரில் மே மாதத் தொடக்கத்தில் கடற்கரை மணல்வெளியில் பட்டச் சண்டை நிகழும். சணற்கயிறுகள் ஒன்றோடொன்று உராய்ந்து, அவ்வுராய்விலேயே அறும். சிரோனே நகரில் ஆற்றின் இரு கரைகளிலிருந்து பேருருவப் பட்டங்களைப் பறக்கவிட்டுச் சிக்கவைத்து, கயிறு அறும்வரை இரு அணியினரும் இழுப்பர். வரையறுத்த களம், வரையறுத்த நாள், கூர்ப்பொருளற்ற கயிறு ஆகிய மூன்றும் அமைந்தால் சண்டையும் நிலைக்கும், வழிப்போக்கரும் பிழைப்பர்.

இந்தியாவிலிருந்து ஓர் எச்சரிக்கையும் கிடைக்கிறது. அகமதாபாத்தில் 1989 முதல் பன்னாட்டுப் பட்டத் திருவிழா நடைபெறுகிறது. அதே உத்தராயணப் பருவத்தில் நூலில் சிக்கிய பறவைகளை மீட்கக் குசராத் அரசு ஆண்டுதோறும் தனி இயக்கம் நடத்த வேண்டியுள்ளது. திருவிழாவாக ஏற்றுக்கொள்வதால் மட்டும் தீங்கு நீங்குவதில்லை. நூல் மாற வேண்டும்.

நூலை மாற்றினால் ஆட்டத்தின் விரைவும் கிளர்ச்சியும் குறையும் என்பது உண்மையே. வெறும் பருத்தி நூல்கள் உராய்ந்து அறுவதற்கு நேரமாகும். வெட்டுத் திறனைவிடக் காற்றறிவும் பொறுமையும் முதன்மை பெறும். இதனை மரபின் சிதைவு எனக் கொள்ள வேண்டியதில்லை. போர்க்கலையான சிலம்பம் இன்று தொடுமுறைப் போட்டியாகப் புள்ளிக் கணக்கில் ஆடப்படுகிறது. மண்டை உடையாததால் அது சிலம்பம் அன்று என எவரும் சொல்வதில்லை.

8. தொகுப்புரை

இவ்வாய்வின் முடிவுகள் வருமாறு:

1. பட்டச் சண்டை கடன்சொற்களோடு வந்தபோதிலும் வடசென்னை மக்களின் வாழ்விலும் தமிழிலும் வேரூன்றிய மரபே. அதற்கு மரபுத் தகுதியை மறுத்துத் தடையை நியாயப்படுத்துவது பிழை.

2. கண்ணாடி, உலோகத் தூள் பூசிய நூல், அடிநூல் பருத்தியாயினும் செயற்கையிழையாயினும், மக்கள் நடமாடும் வெளியில் காக்கத்தக்க மரபுக்கூறு அன்று. ஆடாதவர் இழப்பை அடைவதே இதற்குக் காரணம்.

3. கரிசல் நிலத்தில் வேளாண்மை நாட்காட்டி இயல்பாக அமைத்துத் தந்த ஆடுகளத்தை நகரம் திட்டமிட்டே அமைக்க வேண்டும். கடற்கரை, திடல் போன்ற வெளிகளில், குறித்த நாளில், பூச்சற்ற பருத்தி நூலைக் கொண்டு நடத்தும் போட்டிகளுக்கு உள்ளாட்சி அமைப்புகள் இடமளிக்கலாம். மாமல்லபுரத் திருவிழா நடக்கும்போது, வடசென்னைப் பட்டக் கலைஞர்களுக்கும் அதில் இடம் தரத் தடையேதுமில்லை.

4. மாஞ்சா மறையும்போது அதனோடு ஒரு சொல்லுலகமும் மறையும். இடைசெவல் கி. ராஜநாராயணன் கரிசல் வட்டார வழக்குச் சொல்லகராதியைத் தொகுத்ததுபோல, பட்டம் கட்டுவோரிடமும் விடுவோரிடமும் உள்ள சொற்களை வட்டாரந்தோறும் தொகுப்பது தமிழ்த்துறைகளின் உடனடிப் பணி. நூலைத் தடைசெய்வது அரசின் கடமை. சொல்லைக் காப்பது ஆய்வாளரின் கடமை. ஒன்று மற்றொன்றுக்குத் தடையாகாது.

எப்போதும்வென்றான் காட்டில் ஆடிக்காற்றில் ஏறும் செய்தித்தாள் பட்டம் எவரையும் வென்றதில்லை, எவரையும் கொன்றதுமில்லை. நாற்சாலையின் ஓரத்தில் அப்பட்டத்தை இன்று ஏற்றும் சிறுவனுக்கு, நூல் அறுந்தால் அது எங்கே விழும் என்று எண்ணிப் பார்க்கக் கற்பிக்க வேண்டியுள்ளது. மரபைக் கையளிக்கும் தலைமுறை அவ்வெண்ணத்தையும் சேர்த்தே கையளிக்க வேண்டும்.